நான்கு வழிச்சாலைக்குப் போன 40 சென்ட்: தீர்வத்தில் போட்ட விலை குறைவு, அடுத்து என்ன செய்யலாம்?

கேள்வி – தென்னந்தோப்பு

பெரியப்பா பெயரில் 1 ஏக்கர் 12 சென்ட் புன்செய். கிராம ஊராட்சிப் பகுதி. தேசிய நெடுஞ்சாலை அகலப்படுத்த நடுவில் 40 சென்ட் எடுத்திருக்கிறார்கள். மேற்கே 50 சென்ட், கிழக்கே 22 சென்ட் மிச்சம். போர்வெல் எடுத்த பகுதியில் போய்விட்டது, 32 தென்னையும் போகிறது.

3ஏ அறிவிக்கை (நிலம் எடுக்கப்போவதாக அரசிதழில் வரும் முதல் அறிவிப்பு) 2023 ஆகஸ்ட், தீர்வம் (இழப்பீட்டை நிர்ணயித்த ஆணை) 2025 பிப்ரவரி. சென்ட் 30,000 ரூபாய் என்று எடுத்து 1.25ஆல் பெருக்கி நிலத்துக்கு 15,00,000. மரம், போர்வெல் சேர்த்து 3,50,000. ஆறுதல் தொகை (கட்டாயமாக நிலம் எடுப்பதற்காகக் கூடுதலாகத் தருவது) 15,00,000. 12 சதவீதக் கூடுதல் தொகை 2,16,000. மொத்தம் 35,66,000.

தீர்வத்தில் 14 கிரயப் பத்திரங்களைப் பட்டியலிட்டு, அதில் ஒன்றை மட்டும் ‘டேட்டா நிலம்’ (விலைக்கு அடிப்படையாக வைக்கும் மாதிரி நிலம்) என்று எடுத்துக்கொண்டு மற்றவற்றைத் தள்ளியிருக்கிறார்கள். தள்ளியதில் சென்ட் 62,000 வரை போன பத்திரமும் இருக்கிறது. பணத்தை வாங்கினால் வழக்குப் போட முடியாது என்று ஊரில் சொல்கிறார்கள். பெரியப்பாவுக்கு 71 வயது, அலைய முடியாது. எங்கே தொடங்குவது?

---

பதில் 1 – நிலஎடுப்பு_கோப்பு

முதலில் பணம். வாங்கிக்கொள்ளுங்கள். தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம் 1956, பிரிவு 3ஜி(5) சொல்வது இதுதான்: நிர்ணயித்த தொகை எந்தத் தரப்புக்கும் ஏற்பில்லை என்றால் நடுவரிடம் போகலாம். தொகையை வாங்கினால் அந்த உரிமை போய்விடும் என்று எங்கும் இல்லை. ஆனால் கையெழுத்துப் போடும் ரசீதிலும் வங்கி விவரப் படிவத்திலும் கையாலேயே இப்படி எழுதுங்கள்: “ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன், பிரிவு 3ஜி(5)இன் கீழ் கூடுதல் தொகை கோரும் உரிமைக்கு உட்பட்டது.” அதே வாசகத்தைத் தனிக் கடிதமாகவும் சிறப்பு மாவட்ட வருவாய் அலுவலருக்கு (நில எடுப்பு) ஒப்புதல் அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். “முழுத் திருப்தியுடன், இனி உரிமை கோர மாட்டேன்” என்று அச்சடித்த படிவம் நீட்டினால் அந்த வரியை அடித்துவிட்டுக் கையெழுத்திடுங்கள். அடித்த படிவத்தை வாங்க மறுத்தால், மறுத்ததையே கடிதமாக எழுதி அனுப்புங்கள்.

அடுத்து கணக்கு. நீங்கள் தந்த எண்களிலேயே ஒரு பிழை தெரிகிறது. 2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் முதல் அட்டவணை 2015 முதல் நெடுஞ்சாலை எடுப்புகளுக்கும் பொருந்தும். அதன்படி ஆறுதல் தொகை நிலத்துக்கு மட்டும் உரியது அல்ல. பெருக்கிய நில மதிப்பையும் நிலத்தோடு ஒட்டிய மரம், கிணறு, கட்டடங்களின் மதிப்பையும் கூட்டி, அந்தக் கூட்டுத்தொகைக்கு 100 சதவீதம். 15,00,000 + 3,50,000 = 18,50,000. ஆறுதல் தொகையும் 18,50,000 ஆக இருக்க வேண்டும். உங்களுக்குப் போட்டது 15,00,000. சென்ட் விலையைத் தொடாமலேயே 3,50,000 குறைகிறது.

இதற்கு வாதமே தேவையில்லை. தீர்வ நகலோடு ஒரு பக்கத் திருத்த மனு கொடுங்கள். பதில் வருமா வராதா என்று காத்திருக்க வேண்டாம், நடுவர் மனுவிலும் இதைத் தனிக் கோரிக்கையாகச் சேர்த்துவிடுங்கள்.

பெருக்கல் காரணியையும் பாருங்கள். நகர்ப்புறத்துக்கு 1, ஊரகத்துக்கு நகர எல்லையிலிருந்து உள்ள தூரத்தைப் பொறுத்து, மாநில அரசு அறிவித்தபடி 1 முதல் 2 வரை. உங்கள் கிராமத்துக்கு 1.25 எந்தத் தூரக் கணக்கில் வந்தது என்று தீர்வத்தில் எழுதியிருக்க வேண்டும். எழுதவில்லை என்றால் கேளுங்கள்.

---

பதில் 2 – வில்லங்கம்_பார்ப்பவர்

மேலே சொன்னது சரி. ஆனால் பெரிய இழப்பு சென்ட் விலையில்தான் இருக்கிறது. அடிப்படை விலையில் விடும் ஒவ்வொரு ரூபாயும் உங்கள் வழக்கில் ஒரு ரூபாயாக நிற்பதில்லை. 1.25ஆல் பெருகி, ஆறுதல் தொகையால் இரட்டித்து, 18 மாதத்துக்கான 12 சதவீதமும் சேர்ந்து 2 ரூபாய் 68 காசாகிறது. ஆகவே உழைப்பில் முக்கால்வாசியை இந்த ஓர் எண்ணில் போடுங்கள்.

2013 சட்டத்தின் பிரிவு 26 சந்தை மதிப்பை எப்படிக் கணக்கிடுவது என்று வரையறுத்துவிட்டது. பதிவுத்துறையின் வழிகாட்டி மதிப்பு ஒன்று. பக்கத்திலுள்ள அதேவகை நிலங்களின் சராசரிக் கிரய விலை இன்னொன்று. எது அதிகமோ அது. சராசரி எடுப்பதற்கும் விதி உண்டு: முந்தைய மூன்றாண்டுகளின் பத்திரங்களை எடுத்து, விலை அதிகமாக உள்ள மேல்பாதியை மட்டும் சராசரி காண வேண்டும். ஒரே ஒரு ‘டேட்டா நிலத்தை’ப் பிடித்துக்கொண்டு விலை போடுவது 1894ஆம் ஆண்டுச் சட்டக் காலத்துப் பழக்கம். பல அலுவலகங்களில் அந்த மாதிரிப் படிவம் இன்னும் மாறவில்லை, அதனால்தான் இந்தப் பிழை திரும்பத் திரும்ப வருகிறது.

தென்னந்தோப்பு, உங்கள் 14 பத்திரங்களையும் விலை வரிசைப்படி இறங்குமுகமாக எழுதுங்கள். எடுத்துக்காட்டுக்கு ஆயிரத்தில் 62, 58, 55, 48, 47, 45, 42, 33, 30, 30, 28, 27, 25, 24 என்று வைத்துக்கொள்வோம். மேல்பாதி ஏழு. கூட்டினால் 357, ஏழால் வகுத்தால் 51. சென்ட் 51,000. பதினான்கையும் சேர்த்துச் சராசரி போட்டால்கூட 39,571 வருகிறது. 30,000 எந்த வழியிலும் வராது.

இனி 51,000ஐ வைத்துப் போடுங்கள். 40 சென்ட்டுக்கு 20,40,000. 1.25ஆல் பெருக்கினால் 25,50,000. மரம், போர்வெல் 3,50,000 சேர்த்து 29,00,000. ஆறுதல் தொகை அதே அளவு, ஆக 58,00,000. சந்தை மதிப்பு 20,40,000க்கு 3ஏ நாளிலிருந்து 18 மாதத்துக்கு ஆண்டுக்கு 12 சதவீதம் 3,67,200. மொத்தம் 61,67,200. கையில் வருவது 35,66,000.

தள்ளிய பத்திரம் ஒவ்வொன்றுக்கும் எதிரே அதிகாரி காரணம் எழுதியிருப்பார். அதுதான் சண்டைக்களம். வழக்கமாக வரும் காரணங்கள் இவை.

“மனை விலை, விவசாய நிலத்துக்குப் பொருந்தாது.” 3 சென்ட், 5 சென்ட் பத்திரம் என்றால் இதில் நியாயம் உண்டு. அப்படிப்பட்ட பத்திரத்தை நீங்கள் நம்பினால், சாலை, வடிகால் அமைக்கும் செலவு என்று மூன்றில் ஒரு பங்கு வரை, சில வேளை அதற்கு மேலும் கழிப்பார்கள். ஆகவே 20 சென்ட்டுக்கு மேற்பட்ட பத்திரங்களை முன்னால் வையுங்கள். மனைப் பத்திரத்தைத் துணைச் சான்றாக மட்டும் காட்டுங்கள்.

“சாலையோர நிலம், விலை கூடுதல்.” உங்கள் நிலமும் பழைய சாலையைத் தொட்டுக்கொண்டிருந்தால் இந்தக் காரணமே உங்களுக்குச் சாதகம். புல வரைபடத்தில் தூரத்தை மீட்டரில் குறித்து வையுங்கள்.

“விலை வழக்கத்துக்கு மாறாக அதிகம்.” நடப்பு விலையைக் காட்டாத பத்திரத்தை ஒதுக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது, ஆனால் காரணம் வேண்டும். 62,000 ஒன்று மட்டும் தனியாக நின்றால் தள்ளலாம். 58,000மும் 55,000மும் பக்கத்திலேயே இருக்கும்போது எப்படி வழக்கத்துக்கு மாறானது?

“மானாவாரி நிலத்தோடு ஒப்பிடப்பட்டது.” வருவாய்ப் பதிவில் புன்செய் என்று இருப்பதால் கிணற்றுப் பாசனத் தோப்பையும் வானம் பார்த்த காட்டையும் ஒரே வகையில் போட்டுவிடுகிறார்கள். இதை உடைக்கப் பசலி (வருவாய் ஆண்டு) 1430, 1431, 1432 அடங்கல் (கிராமச் சாகுபடிப் பதிவேடு) நகலும் விவசாய மின் இணைப்பு அட்டையும் போதும்.

பட்டியலில் இல்லாத நல்ல பத்திரங்களும் இருக்கலாம். பதிவுத்துறை இணையதளத்தில் உங்கள் புல எண்ணைச் சுற்றியுள்ள எண்களுக்கும் பக்கத்துக் கிராம எல்லைப் புல எண்களுக்கும் வில்லங்கம் பாருங்கள். கிடைக்கும் கிரயங்களைச் சென்ட் கணக்கில் மாற்றி எழுதுங்கள் (1 சென்ட் 435.6 சதுர அடி, 1 ஏர் 2.47 சென்ட், இந்த மாற்றத்தில் தவறினால் முழுப் பட்டியலும் கெடும்). தானம், பாகப்பிரிவினை, விடுதலைப் பத்திரங்களைச் சேர்க்காதீர்கள். 3ஏ தேதிக்குப் பிந்தையதும் வேண்டாம். தேர்ந்தெடுத்தவற்றுக்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் வாங்குங்கள். இணையத்தில் எடுத்த அச்சு சான்றாக நிற்காது.

வழிகாட்டி மதிப்பிலும் தேதி முக்கியம். 2017 ஜூனில் 33 சதவீதம் குறைத்தார்கள், 2024 ஜூலை 1 முதல் திருத்திய மதிப்பு வந்தது. உங்களுக்கு 3ஏ 2023 ஆகஸ்ட் என்பதால் 2024 மதிப்பைக் காட்டிக் கேட்பது செல்லாது. அன்று நடப்பிலிருந்த மதிப்பைத்தான் எடுக்க வேண்டும். 2024 மதிப்பை நம்பி மனு எழுதிக்கொண்டு வருகிறவர்கள் நிறைய, முதல் விசாரணையிலேயே சாய்ந்துவிடுகிறது.

முத்திரைத்தாள் செலவைக் குறைக்க ஊர் முழுக்க வழிகாட்டி மதிப்புக்கே பத்திரம் போடும் இடங்களில் மேல்பாதிச் சராசரிகூடக் கைகொடுக்காது என்பதையும் சொல்லிவிட வேண்டும். அங்கே வங்கிக் கடன் பெற்று வாங்கிய கிரயங்களைத் தேடுங்கள். பணம் வங்கி வழியாகப் போயிருப்பதால் அவற்றில் விலை பெரும்பாலும் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கும்.

---

பதில் 3 – கரிசல்_தம்பி

மேலே எல்லாரும் 40 சென்ட்டையே பேசுகிறீர்கள். மிச்சம் இருக்கிற 72 சென்ட்டை யார் பார்ப்பது? தண்ணீர் மேற்கே இல்லை, கிழக்கே இல்லை. 22 சென்ட்டுக்கு வழியும் இருக்குமா தெரியாது.

பிரிவு 3ஜி(7)இல் சந்தை மதிப்போடு இன்னும் சிலவற்றைக் கணக்கில் எடுக்கச் சொல்லியிருக்கிறது: நிலத்தைத் துண்டாடியதால் வரும் இழப்பு, எடுப்பினால் மற்றச் சொத்துக்கோ வருமானத்துக்கோ வரும் கேடு, குடியிருப்பை மாற்ற நேர்ந்தால் அதன் செலவு. கேட்காதவருக்கு இது தானாக வராது. “நஷ்டம் ஏற்பட்டுள்ளது” என்று ஒரு வரி எழுதினாலும் வராது. உரிமம் பெற்ற சர்வேயரை வைத்து எடுப்புக்கு முன், பின் என்று இரண்டு வரைபடம் போடுங்கள். 22 சென்ட்டின் வடிவம், அகலம், வழி, நீர் எல்லாம் அதில் தெரிய வேண்டும். மேற்குப் பகுதியில் புது போர்வெல் போட ஆழத்துக்கு எவ்வளவு, உறைக்குழாய், மோட்டார், மின் இணைப்பு இடமாற்றம் என்று எழுத்தில் மதிப்பீடு வாங்குங்கள். பழைய போர்வெல்லின் மதிப்பு வேறு, மிச்ச நிலத்துக்கு மறுபடி தண்ணீர் கொண்டுவரும் செலவு வேறு. இரண்டையும் குழப்பினால் ஒன்றுதான் கிடைக்கும்.

தென்னைக்கு எப்படி மதிப்புப் போட்டார்கள் என்றும் பாருங்கள். காய்க்கும் மரத்தைத் தடி விலைக்குப் போடுவது அடிக்கடி நடக்கிறது. தோட்டக்கலைத் துறை மதிப்பீட்டில் மரத்தின் வயது, ஆண்டுக் காய்ப்பு, சாகுபடிச் செலவு, இன்னும் காய்க்கக்கூடிய ஆண்டுகள் ஆகியவை இருக்க வேண்டும். அறிக்கையில் ‘தென்னை 32’ என்று எண்ணிக்கை மட்டும் இருந்தால் அதையே ஆட்சேபியுங்கள். மரத்தை வெட்டும் முன் ஒவ்வொன்றுக்கும் எண் போட்டு, தேதியும் இடக்குறியும் பதியும்படி படம் எடுத்து வையுங்கள். வெட்டிய பிறகு எண்ணிக்கையில் தகராறு வந்தால் நிரூபிக்க எதுவும் மிஞ்சாது.

சாலையைக் கடந்து குழாய் கொண்டுபோக நெடுஞ்சாலைத் திட்ட இயக்குநருக்கு இப்போதே எழுதுங்கள். தார் போட்ட பிறகு சாலையைத் தோண்ட விடமாட்டார்கள். பாலம், சிறுபாலம் கட்டும் நேரத்தில் ஒரு குழாயைப் பதிப்பது எளிது.

இன்னொன்று. 3ஜி(2)இல் நில மதிப்பில் 10 சதவீதம் என்று ஒன்று இருக்கிறது: வழியுரிமை போன்ற அனுபவ உரிமைகள் பாதிக்கப்பட்டால் தரவேண்டியது. கோரிக்கையில் சேருங்கள். எதிர்த்தரப்பு மறுக்கும், ஆனால் கேட்காததை நடுவர் தரமாட்டார்.

---

பதில் 4 – மதுரை_வழக்குரை

நடைமுறை பற்றிச் சொல்கிறேன். இங்கேதான் நல்ல வழக்குகள் வீணாகின்றன.

நடுவரை நியமிப்பது மத்திய அரசு. தமிழ்நாட்டில் பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர். 3ஜி(5)இல் காலக்கெடு எழுதப்படவில்லை. ஆனால் மூன்றாண்டுக் காலவரம்பு பொருந்தும் என்று எதிர்த்தரப்பு வாதிடும், அந்த வாதத்துக்கு வழியே விடாதீர்கள். 2025 பிப்ரவரி தீர்வம் என்றால் ஆவணங்கள் கைக்கு வந்தவுடன் போட்டுவிடுங்கள்.

மனுவுக்கு முன் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி ஒரு விண்ணப்பம் போடுங்கள். கேட்க வேண்டியவை: தீர்வத்தின் முழு நகல், விற்பனைப் புள்ளிவிவரப் பட்டியல், அந்தப் பத்திர நிலங்களைக் குறித்த வரைபடம், ஒவ்வொரு பத்திரத்தையும் தள்ளியதற்கான குறிப்பு, மரம் மற்றும் போர்வெல் மதிப்பீட்டு அறிக்கைகள், 3ஏ மற்றும் 3டி (நிலம் அரசுக்குச் சேர்ந்துவிட்டதாக வரும் அறிவிக்கை) அரசிதழ் நகல்கள். 3ஏ வெளியாகி ஓராண்டுக்குள் 3டி வந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் 3ஏ காலாவதி. அதைச் சரிபார்க்கத்தான் கடைசி இரண்டும்.

முக்கியமான எச்சரிக்கை. “ஆட்சியர் எப்படியும் தள்ளுபடி செய்வார், நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ளலாம்” என்று நடுவர் முன் வெறும் மனுவைப் போட்டுவிட்டு வருகிறவர்கள் அதிகம். முன்பு மாவட்ட நீதிமன்றங்கள் 1996ஆம் ஆண்டு நடுவர் தீர்ப்பு மற்றும் சமரசச் சட்டத்தின் பிரிவு 34 மனுவிலேயே (நடுவர் தீர்ப்பை எதிர்க்கும் மனு) விலையை உயர்த்தித் தந்ததுண்டு. தமிழ்நாட்டிலிருந்து போன ஹக்கீம் வழக்கில் சதுர மீட்டருக்கு 46.55 முதல் 83.15 ரூபாய் வரை என்று இருந்ததை மாவட்ட நீதிமன்றம் 645 ரூபாய் ஆக்கியது. உச்ச நீதிமன்றம் 2021 ஜூலையில் அந்த மனுதாரர்களின் தொகையில் கைவைக்கவில்லை, ஆனால் பிரிவு 34இல் நடுவர் தீர்ப்பை ரத்து செய்யலாமே தவிர மாற்றி எழுதும் அதிகாரம் இல்லை என்று சொல்லிவிட்டது. 2025 ஏப்ரலில் காயத்ரி பாலசாமி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு குறுகிய சில சூழல்களில் திருத்தலாம் என்றது. சான்றுகளை மறுபடி எடைபோட்டு விலையை உயர்த்த அது வழி தரவில்லை. ஆகவே உங்கள் ஆவணமெல்லாம் ஆட்சியர் முன்னிலையிலேயே குறியீட்டு எண்ணோடு பதிவாக வேண்டும். சான்றிட்ட பத்திர நகல், மேல்பாதிச் சராசரி அட்டவணை, சர்வேயர் வரைபடம், அடங்கல், மதிப்பீடு எல்லாம். விசாரணை நாளில் எழுத்து வாதமும் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்குங்கள். சான்றையே பார்க்காமல் எழுதிய தீர்ப்பு என்று பிறகு காட்ட அதுதான் அடிப்படை.

நடுவர் தீர்ப்பு வந்ததும் இரண்டு கெடு. கூட்டல் பிழையோ, கேட்டு விட்டுப்போன கோரிக்கையோ இருந்தால் 30 நாளுக்குள் அதே சட்டத்தின் பிரிவு 33இல் நடுவரிடமே மனு. தீர்ப்பையே எதிர்ப்பதென்றால் கையெழுத்திட்ட நகல் கைக்கு வந்த நாளிலிருந்து 3 மாதத்துக்குள் பிரிவு 34இல் மாவட்ட நீதிமன்றம். தக்க காரணம் காட்டினால் மேலும் 30 நாள். அதற்குமேல் ஒரு நாள் தாமதத்தையும் நீதிமன்றம் மன்னிக்க முடியாது. தபால் உறையைத் தூக்கிப் போடாதீர்கள், அஞ்சல் முத்திரைத் தேதி வேண்டும்.

பக்கத்து நிலக்காரர் வென்றால் நமக்கும் வரும் என்ற நம்பிக்கையும் வேண்டாம். 2013 சட்டத்தில் அப்படி மறுநிர்ணயம் கேட்கப் பிரிவு 73 உண்டு, நெடுஞ்சாலைச் சட்டத்தில் அதற்கு இணையான பிரிவு இல்லை. ஒவ்வொருவரும் தனித்தனியாக மனுப் போட வேண்டும். சான்றுகளை மட்டும் ஊரார் சேர்ந்து ஒரே தொகுப்பாகத் தயாரித்தால் செலவு குறையும்.

நடுவர் தொகையை உயர்த்தினால் அந்தக் கூடுதலுக்கு நிலத்தைக் கையகப்படுத்திய நாளிலிருந்து ஆண்டுக்கு 9 சதவீத வட்டி உண்டு, பிரிவு 3எச்(5). எனவே சுவாதீனம் எடுத்த தேதிக்கு எழுத்துச் சான்று வைத்திருங்கள். தொகையைச் செலுத்தி, 60 நாள் அறிவிப்புக் கொடுத்த பிறகே நிலத்தை ஒப்படைக்கச் சொல்ல முடியும். அதற்கு முன் ஜேசிபி வந்து நின்றால் வாய்ப்பேச்சில் விடாமல் அன்றே எழுத்தில் ஆட்சேபணை கொடுங்கள்.

பெரியப்பா நேரில் வரவேண்டிய கட்டாயம் இல்லை. வழக்கறிஞருக்கு வக்காலத்தோ, உங்களுக்குப் பதிவு செய்த அதிகாரப் பத்திரமோ போதும்.

---

தென்னந்தோப்பு

மிக்க நன்றி. இரண்டு சந்தேகம். பட்டா பெரியப்பா பெயரில் இருந்தாலும் நிலம் தாத்தா சொத்து, அத்தை இருவருக்கும் பங்கு உண்டு. அவர்கள் ஆட்சேபித்தால்? இந்தத் தொகைக்கு வருமான வரி பிடிப்பார்களா?

---

பதில் 5 – நிலஎடுப்பு_கோப்பு

அத்தைகள் ஆட்சேபணை கொடுத்தால் பங்கு யாருக்கு எவ்வளவு என்ற தகராறாகி, 3எச்(4)இன்படி கோப்பு உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகும். பணம் அங்கே முடங்கும், ஆண்டுகள் ஓடும். அவர்கள் பங்கை மறைத்து வாங்க நினைப்பது தவறு, நிற்கவும் நிற்காது. தாத்தாவின் வாரிசுச் சான்று எடுத்து, யாருக்கு எவ்வளவு என்று மூவரும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தைப் பதிவு செய்து, மூவர் வங்கிக் கணக்குக்கும் பிரித்துச் செலுத்தும்படி சேர்ந்தே மனுக் கொடுங்கள். நடுவர் மனுவிலும் மூவரும் மனுதாரர்களாக இருக்கட்டும்.

வரி: 2013 சட்டத்தின் பிரிவு 96 இழப்பீட்டுக்கு வருமான வரி விலக்குத் தருகிறது. நேரடி வரிகள் வாரியம் 2016 அக்டோபரில் வெளியிட்ட 36ஆம் எண் சுற்றறிக்கையும் அதையே உறுதிசெய்கிறது. கிராமப்புற விவசாய நிலம் என்பதால் உங்களுக்கு இன்னொரு பாதுகாப்பும் இருக்கிறது. ஆனாலும் சில இடங்களில் 10 சதவீதம் பிடித்துவிடுகிறார்கள், பான் எண் இல்லாவிட்டால் 20. விவசாய நிலம் என்பதற்கான அடங்கலையும் சுற்றறிக்கை நகலையும் தொகை அனுப்பும் முன்பே கொடுத்துவிடுங்கள். பிடித்துவிட்டால் கணக்குத் தாக்கல் செய்துதான் திரும்பப் பெற முடியும். 9 சதவீத வட்டிப் பகுதி வேறு: அது கைக்கு வரும் ஆண்டில் பாதி கழித்து மீதிக்கு வரி கேட்பார்கள். நடுவர் தொகை வரும்போது அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று தனித்தனியாக எழுதிக் கேட்டு வாங்குங்கள்.

---

பதில் 6 – வில்லங்கம்_பார்ப்பவர்

வாரிசுச் சான்றும் ஒப்பந்தமும் வரும்வரை காத்திருக்க வேண்டாம். தகவல் உரிமை விண்ணப்பத்தை இந்த வாரமே போடுங்கள், அதற்குப் பதில் வரவே 30 நாள் ஆகும். தள்ளிய 13 பத்திரங்களின் ஆவண எண்ணையும் காரணத்தையும் இங்கே பதியுங்கள், ஆட்களின் பெயரை மட்டும் மறைத்துவிடுங்கள். எது நிற்கும், எது நிற்காது என்று ஒவ்வொன்றாகப் பார்த்துச் சொல்கிறேன்.